காமன் பொட்டலும் காளியும்

தெய்வ வேடம் புனைவது எப்பொழுதிலிருந்து தமிழருக்குக் குற்றமாயிற்று? 2022ஆம் ஆண்டு யூலை மாதத்தில் லீனா மணிமேகலையின் ‘காளி’ என்னும் படத்தின் சுவரொட்டி வெளியானது முதல் இவ்வினா என் உள்ளத்தை விட்டு அகலவில்லை. தாமே காளி வேடம் பூண்டு ரொறொன்ரோ நகர வீதிகளில் அவர் உலவுவதைக் காட்டும் ஆற்றுகைப் படம் அது. சுவரொட்டியிற் காளியின் வாயிலே சிகரெட் இருந்தது. அதுவே போதுமாயிற்று. இந்தியாவின் பல மாநிலங்களிற் பொலிஸ் முறைப்பாடுகள் குவிந்தன. படத்தைக் காட்டிய ஆகா கான் அருங்காட்சியகம் மன்னிப்புக் கோரி விலகிக்கொண்டது. 2023 சனவரியில் இந்திய உச்ச நீதிமன்றமே தலையிட்டு அவருக்கு இடைக்காலப் பாதுகாப்பு வழங்க வேண்டியதாயிற்று.

“இது நமது பண்பாட்டுக்கு இழுக்கு, பல்கலைக்கழகத்தில் இதைப் பற்றிப் பேசவே கூடாது” என்று எம் மாணவர் சிலர் கூறுகின்றனர். அவர்கள் கூறும் பண்பாடு யாருடையது?

நான் திகனவைச் சேர்ந்தவன். தோட்டத்து லயத்தில் வளர்ந்தவன். மாசி மாதத்திலே காமன் பொட்டலில் தப்பு முழங்க, விடிய விடியக் கூத்து நடக்கும். பகலிற் கொழுந்து நிறுத்தவர் இரவில் எமனாவார். கவ்வாத்து வெட்டியவர் சிவனாவார். மீசை மழித்த இளைஞன் இரதியாகி அழுவான். பார்த்திருக்கும் தாய்மார் அவனோடு சேர்ந்து அழுவர். தெய்வம் மனித உடலில் இறங்குவதை அவமதிப்பென்று அங்கு எவரும் கொள்வதில்லை. முனியாண்டிக்குச் சுருட்டும் சாராயமும் படைத்தவர்களின் பேரப்பிள்ளைகள் சிகரெட் பிடிக்கும் காளியைக் கண்டு திகைப்பது விந்தையன்றோ? அவர்கள் காக்க முற்படுவது பாட்டன் பாட்டியின் பண்பாட்டையன்று. நாட்காட்டிப் படங்களில் அச்சாகி வந்த பண்பாட்டையே.

லீனாவின் படைப்புகளை ஒருசேர நோக்குவோர், அவர் வெறும் பரபரப்பை நாடுபவர் என்று சொல்லத் துணியார். ‘தேவதைகள்’ (2007) ஒப்பாரி பாடுபவரையும், கடலிற் செல்பவரையும், பிணம் புதைப்பவரையும் தேவதைகளாகக் கண்டது. ‘செங்கடல்’ தனுஷ்கோடி மீனவரையும் ஈழத்து அகதிகளையும் நடிகராக்கியது. 2011இல் தணிக்கைக் குழு அதற்குச் சான்றிதழ் மறுக்க, மேன்முறையீட்டின் பின்னரே அது வெளிவந்தது. ‘மாடத்தி’ (2019), கண்ணிற் படுவதே தீட்டென ஒதுக்கப்பட்ட புதிரை வண்ணார் குலத்துப் பெண்ணின் கதை. “நான் யார் என்பதைத் தீர்மானிப்பவர் யார்?” என்ற ஒரே கேள்வியே இவை அனைத்திலும் ஒலிக்கின்றது.

மலையகத்தாருக்கு இக்கேள்வி புதிதன்று. 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் எம் முன்னோரை நாடற்றவராக்கியது. 1964ஆம் ஆண்டு ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டது. பங்கிடப்பட்டவர்களிடம் எவரும் கருத்துக் கேட்கவில்லை. அடையாளம் பிறரால் எழுதப்படும்போது நேர்வதை நாம் அறிவோம். அடையாளத்தின் பெயராற் கூட்டம் திரளும்போது நேர்வதையும் அறிவோம்: 2018 மார்ச்சில் திகனவில் முஸ்லிம் மக்களின் கடைகளும் வீடுகளும் பள்ளிவாசலும் எரிந்தன, ஓர் இளைஞர் உயிரிழந்தார். அப்புகையைக் கண்ட எனக்கு, “எம் மனம் புண்பட்டது” என்று கூட்டமாக எழும் எந்தக் குரலும் அச்சத்தையே தருகின்றது.

நம்பிக்கையுடையோர் மனம் புண்படாதா எனக் கேட்கலாம். புண்படலாம். அவர்கள் எழுதட்டும், வாதிடட்டும், படத்தைப் பாராது விடட்டும். ‘காளி’ சிறந்த கலைப்படைப்பு என்று நான் சாதிக்கவும் இல்லை. ஆனால் விமர்சனம் வேறு, வாயடைத்தல் வேறு. முன்னையது கலையை வளர்க்கும். பின்னையது கும்பலை வளர்க்கும்.

நாட்டுக்கூத்தைப் பாமரர் ஆட்டமெனப் படித்தோர் ஒதுக்கிய காலமும் இருந்தது. 1960களில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் ‘கர்ணன் போர்’, ‘இராவணேசன்’ முதலியவற்றை இதே பேராதனையில் மேடையேற்றினார். அன்று ஒதுக்கப்பட்டது இன்று எமக்குப் பாடமாகியுள்ளது. அத்துணிவின் பயனை அனுபவிக்கும் நாம், பரீட்சார்த்தக் கலையின் முன் கதவடைப்பது நன்றி கொன்ற செயலாகும்.

ஆதலின் ‘காளி’ இங்கு திரையிடப்படல் வேண்டும். எதிர்ப்போரும் வந்து அமர்ந்து வாதிடல் வேண்டும். காமன் பொட்டலில் எழுத்தறியாத் தொழிலாளிக்கு இருந்த உள விரிவு, பல்கலைக்கழக மண்டபத்திற் கற்றோருக்கு இல்லை என்ற பழி எமக்கு வேண்டாம்.