சாப்ட்வேர் மட்டும் போதுமா?

பேய்ப் படம் எதைப் பார்த்தாலும் "எல்லாம் கிராபிக்ஸ்தான்" என்று சொல்லிவிடுகிறோம். புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கியவர்கள் அடுத்துக் கேட்பது, "அதற்கு எந்த சாப்ட்வேர் வேண்டும்?" என்பதுதான். அவர்கள் ஜப்பானியக் கலைஞர் ஒருவரைப் பற்றித் தெரிந்துகொள்வது நல்லது.

கசுஹிரோ ட்சுஜி 1969-ல் கியோட்டோவில் பிறந்தவர். பள்ளியில் படிக்கும்போது, ஒரு நடிகரை ஆபிரகாம் லிங்கனாக மாற்றிய ஒப்பனைப் படங்களைப் பத்திரிகை ஒன்றில் பார்த்தார். அந்த ஒப்பனையைச் செய்தவர் 'தி எக்ஸார்சிஸ்ட்' புகழ் டிக் ஸ்மித். ட்சுஜி அவருக்கே கடிதம் எழுதினார், பதிலும் வந்தது. தன் முகத்திலேயே லிங்கன் ஒப்பனை போட்டுப் பழகினார்.

கியோஷி குரோசாவா இயக்கிய 'ஸ்வீட் ஹோம்' (1989) என்ற திகில் படத்துக்காக ஸ்மித் ஜப்பான் வந்தார். ட்சுஜிக்கும் அந்தக் குழுவில் வேலை கிடைத்தது. பாழடைந்த மாளிகைக்குள் போன டிவி குழு, பேயிடம் சிக்கும் கதை அது. உடல் உருகும் காட்சிகளில் பயமுறுத்தியது கைவேலைதான். கேம் பிரியர்களுக்கு ஒரு தகவல்: இந்தப் படத்தை கேப்காம் நிறுவனம் அதே ஆண்டில் வீடியோ கேமாகவும் வெளியிட்டது. 1996-ல் வந்த 'ரெசிடென்ட் ஈவில்' கேமுக்கு அதுவே முன்னோடி.

பின்னர் ட்சுஜி ஹாலிவுட் சென்று ரிக் பேக்கரிடம் பணியாற்றினார். 2008-ல் வெளியான 'தி க்யூரியஸ் கேஸ் ஆப் பெஞ்சமின் பட்டன்' படத்தில் பிராட் பிட் கிழவராகத் தோன்றும் முகம் கம்ப்யூட்டரில் உருவானது. ஒப்பனையால் முகத்தின் மேல் சதையைச் சேர்க்க முடியும். ஒடுங்கிய கன்னமாகக் குறைக்க முடியாது. அதனால் அங்கே கம்ப்யூட்டர் அவசியமாயிற்று. ஆனால் அதற்கு மூலம் எது? 60, 70, 80 வயதில் பிராட் பிட் எப்படி இருப்பார் என்று ட்சுஜி உருவாக்கிய தலைச் சிற்பங்கள். அவற்றை ஸ்கேன் செய்துதான் கம்ப்யூட்டருக்குக் கொடுத்தார்கள். சுருக்கம் எங்கே விழும், தோல் எங்கே தொய்யும் என்பதைக் கம்ப்யூட்டருக்குச் சொன்னது ஒரு மனிதரின் கண்ணும் கையும்தான்.

'டார்க்கஸ்ட் ஹவர்' படத்தில் கேரி ஓல்ட்மேனைச் சர்ச்சிலாக மாற்றியதற்காக 2018-ல் ஆஸ்கர் விருதைப் பகிர்ந்துகொண்டார். 'பாம்ஷெல்' படத்துக்காக 2020-ல் மீண்டும் ஆஸ்கர். இப்போது அவர் பெயர் கசு ஹிரோ.

அனிமேஷன் வகுப்புக்குப் பணம் கட்டும் பெற்றோர்கள் இதைக் கவனிக்க வேண்டும். எந்த மெனுவில் எந்தக் கட்டளை இருக்கிறது என்பதைச் சில மாதங்களில் கற்றுவிடலாம். அடுத்த வெர்ஷன் வந்தால் அந்த மெனுவே மாறிவிடும். கேட்டதும் படம் வரைந்து தரும் ஏஐ வசதிகளும் இன்று வந்துவிட்டன. ஆனால் வந்த படத்தில் எது சரி, எது தவறு என்று சொல்லப் பழகிய கண் வேண்டும்.

எனவே, பிள்ளைக்கு சாப்ட்வேர் வாங்கித் தாருங்கள், தவறில்லை. அதற்கு முன் ஒரு பென்சிலும் கொஞ்சம் களிமண்ணும் வாங்கித் தாருங்கள். வீட்டிலுள்ள தாத்தாவின் முகத்தை உற்றுப் பார்த்துச் செய்யச் சொல்லுங்கள். அதில் பழகிய பிள்ளைக்கு எந்த சாப்ட்வேரும் கைகொடுக்கும்.