லிஸ்ட்ல பேர் இல்லை!

கேம்பஸ் இன்டர்வியூ ரிசல்ட் ஒட்டின நோட்டீஸ் போர்டுல, மேலேருந்து கீழே ஒரு தடவை, கீழேருந்து மேலே ஒரு தடவை விரல் வெச்சுத் தேடியிருக்கீங்களா? 'பிரின்ட் எடுக்கும்போது நம்ம பேர் விட்டுப்போச்சோ'ன்னு பக்கத்து டிபார்ட்மென்ட் லிஸ்ட்டைக்கூட ஒரு நைசான பார்வை பார்ப்போமே... அந்த அவஸ்தை தெரிஞ்சவங்களுக்காக இந்த வாரம் ஒரு ஆளைக் கூட்டிட்டு வந்திருக்கேன்.

பேர் மார்ட்டின் சான் லூயி. 'செயின்ட் லூயிஸ்'னு எழுதிட்டு 'சான் லூயி'ன்னு கூப்பிடணும். கனடாவில் ஃப்ரெஞ்ச் பேசும் கியூபெக் மாகாணத்துக்காரர். மான்ட்ரியல் பக்கத்தில் இருக்கும் லவால் நகரத்தில் 1975-ல் பிறந்தவர். தொழில், ஐஸ் ஹாக்கி. உயரம், அஞ்சடி எட்டு அங்குலம்.

'இதுல என்ன பிரச்னை, நானும் அதே ஹைட்தானே பாஸ்'னு கேட்கிறீங்களா? ஐஸ் ஹாக்கியில் அதுதான் மொத்தப் பிரச்னையும். பந்துக்குப் பதிலா 'பக்'னு ஒரு கறுப்பு ரப்பர் வட்டு. அதை வெச்சிருக்கிற ஆளைத் தோளால் இடிச்சுத் தள்ளலாம், ஃபவுல் கிடையாது! எதிரே வர்றவர் பெரும்பாலும் ஆறடிக்கு மேலே. 90 கிலோ சரக்கு, காலில் ஸ்கேட் மாட்டிக்கிட்டு ஸ்கூட்டர் வேகத்தில் வந்து மோதினா எப்படி இருக்கும்? அதனால ஆளைத் தேடி வர்றவங்க முதலில் இன்ச் டேப்பைத்தான் பார்த்தாங்க.

1993-ல் அமெரிக்காவின் வெர்மான்ட் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார் மார்ட்டின். நாலு வருஷ முடிவில் 267 பாயின்ட் (கோல் அடிச்சா ஒண்ணு, கோலுக்குப் பாஸ் கொடுத்தாலும் ஒண்ணு). அந்தப் பல்கலைக்கழகத்தில் அதுவரை யாரும் எடுக்காத ஸ்கோர் அது. கல்லூரி ஹாக்கியின் பெரிய விருதான ஹோபி பேக்கருக்கு மூணு வருஷம் கடைசிப் பத்துப் பேரில் ஒருத்தர்.

ஆனா, என்.ஹெச்.எல். லீக்கில் 'டிராஃப்ட்'னு ஒரு சடங்கு உண்டு. வருஷா வருஷம் எல்லா டீமும் உட்கார்ந்து, இளம் ஆட்டக்காரர்களை வரிசையாப் பேர் சொல்லி எடுத்துக்குவாங்க. அப்போதெல்லாம் ஒரு வருஷத்துக்கு இருநூறு பேருக்கு மேல் எடுப்பாங்க. அந்த இருநூத்துச் சொச்சத்தில் ஒரு தடவைகூட மார்ட்டின் பேர் வரலை!

டிகிரி முடிச்சுட்டு ஒரு டீமில் டிரையல் போனார், ஒப்பந்தம் கிடைக்கலை. க்ளீவ்லண்டில் சின்ன லீக் ஒண்ணில் ஆடினார். 1998-ல் ஒருவழியா கால்கரி ஃப்ளேம்ஸ் கையெழுத்து வாங்கியது. அங்கே ரெண்டு சீஸனில் 69 மேட்ச், வெறும் 4 கோல். 2000-ல் லீக்கில் ரெண்டு புது டீம் சேர்ந்தபோது, 'எங்களுக்கு வேண்டாதவங்க இவங்க, எடுத்துக்கோங்க'ன்னு பழைய டீம்கள் ஆட்களைக் காட்டணும். கால்கரி மார்ட்டினைக் காட்டியது. ரெண்டு புது டீமும் 52 பேரை அள்ளிட்டுப் போச்சு. ஓசியில் கிடைச்சும் மார்ட்டினை யாரும் தொடலை. அப்புறம் கால்கரியே பாக்கிப் பணத்தைக் கொடுத்துக் கணக்கை முடிச்சு அனுப்பிடுச்சு. வயசு 25.

அந்த ஜூலைக் கடைசியில் அவரை எடுத்துக்கிட்டது டாம்பா பே லைட்னிங். அப்போ அதுவும் அடிமட்டத்தில் கிடந்த டீம்தான். அங்கேதான் அவரை ஓட விட்டாங்க. குள்ளமா இருக்கிறதில் ஒரு வசதி உண்டு. இடுப்பைத் தாழ்த்தி, காலை அகட்டி நின்னா இடிக்க வர்றவருக்குப் பிடி கிடைக்காது. சட்டுனு திரும்பலாம். பக் அடுத்து எங்கே வரும்னு முன்கூட்டியே போய் நின்னுடுவார் மனுஷன்.

2003-04 சீஸனில் 94 பாயின்ட். லீக்கிலேயே முதல் இடம், சிறந்த வீரர் விருது ரெண்டும் அவருக்கே. டாம்பா, ஸ்டான்லி கோப்பை ஃபைனலுக்கும் போயாச்சு. எதிரே நின்ன டீம் எது தெரியுமா? கால்கரி! ஏழு மேட்ச் தொடரில் 3-2ன்னு முன்னிலை வேற. ஆறாவது மேட்ச் கால்கரி மண்ணில். அதை ஜெயிச்சா கோப்பை அவங்களுக்கு. 2-2 சமன், எக்ஸ்ட்ரா டைமும் முடிஞ்சு ரெண்டாவது எக்ஸ்ட்ரா டைம். ஆரம்பிச்சு 33-வது செகண்டில் கோல் போட்டு ஊரையே ஊமையாக்கினது, அவங்களே காசு கொடுத்து அனுப்பின அதே ஆள். ஏழாவது மேட்ச்சை 2-1ன்னு ஜெயிச்சுக் கோப்பையைத் தூக்கியது டாம்பா.

சினிமாவா இருந்தா இங்கேயே 'சுபம்' போட்டிருப்பாங்க. வாழ்க்கை விடாதே!

2013-ல் 37 வயசில் மறுபடியும் பாயின்ட் பட்டியலில் முதலிடம். அவ்வளவு வயசில் அதுக்கு முன்னாடி யாரும் அதைச் செஞ்சதில்லை. டாம்பாவுக்குக் கேப்டனும் ஆயிட்டார். 2014 ஜனவரியில் சோச்சி ஒலிம்பிக்ஸுக்குக் கனடா அணியை அறிவிச்சாங்க. லிஸ்ட்ல பேர் இல்லை! தேர்வு செஞ்சவங்களுக்குத் தலைவர் ஸ்டீவ் ஐஸர்மேன். டாம்பா டீமின் ஜெனரல் மேனேஜரும் அவரேதான். தினமும் முகம் பார்க்கிற பாஸே 'நீ வேண்டாம்'னா எப்படி இருக்கும்? டீம்மேட் ஸ்டாம்கோஸுக்குக் கால் எலும்பு முறிவு ஆறாததால, கடைசி நேரத்தில் மாற்று ஆளாப் போய்த் தங்கமும் ஜெயிச்சு வந்தார். ஆனா காயம் ஆறலை. வேற டீமுக்கு மாத்தச் சொல்லி, மார்ச்சில் நியூயார்க் ரேஞ்சர்ஸுக்குப் போயிட்டார். டாம்பா ரசிகர்கள் கொதிச்சாங்க. கேப்டன் பாதி சீஸனில் கிளம்பலாமான்னு கேட்டா, எனக்கும் அவங்க பக்கம்தான் நியாயம்னு படுது. ஆனா இருபது வருஷமா இன்ச் டேப்பைப் பார்த்தவருக்கு அது எங்கே வலிச்சிருக்கும்னும் புரியுது.

அந்த மே 8-ம் தேதி அவரோட அம்மா திடீர்னு மாரடைப்பில் இறந்துட்டாங்க. ரேஞ்சர்ஸ் 1-3ன்னு வெளியேறும் நிலைமை. அப்பாவைப் பார்த்துட்டு மறுநாளே வந்து ஆடினார், டீம் ஜெயிச்சது. அடுத்த மேட்ச் மே 11, அன்னையர் தினம். முதல் கோல் அவருடையது. தொடரையே புரட்டி, ஃபைனல் வரைக்கும் போனாங்க. நடுவில் லவாலில் நடந்த இறுதிச் சடங்குக்கு மொத்த டீமும் வந்து நின்னது. ஃபைனலில் தோத்தாங்க.

2015-ல் ஓய்வு. கணக்கு: 1,134 மேட்ச், 1,033 பாயின்ட். கோபிச்சுக்கிட்ட டாம்பாவே 2017-ல் அவரோட 26-ம் நம்பர் ஜெர்ஸியை இனி யாருக்கும் கிடையாதுன்னு கூரையில் ஏத்தியது. அந்த டீமில் அந்த மரியாதை கிடைச்ச முதல் ஆள் அவர்தான். 2018-ல் ஹால் ஆஃப் ஃபேம்.

2022 பிப்ரவரியில் மான்ட்ரியல் கனேடியன்ஸ் அவரைக் கோச் ஆக்கியது. அதுக்கு முன்னாடி அவர் தலைமைப் பயிற்சியாளரா இருந்தது சின்னப் பசங்க டீமுக்குத்தான். அப்போ டீம் கடைசி இடத்தில். கோல் காஃபீல்டுன்னு ஒரு பையன், கிட்டத்தட்ட மார்ட்டின் உயரம்தான். அந்த சீஸனில் அதுவரை 30 மேட்ச் ஆடி ஒரே ஒரு கோல் போட்டிருந்தான். புதுக் கோச் அவனைப் பெரிய இடங்களில் ஆட விட்டார். மிச்சமிருந்த 37 மேட்ச்சில் பையன் போட்டது 22.