வயதைக் கேட்கலாம், பெயரைக் கேட்கலாமா?

பிள்ளைகள் காணத்தகாதவை அவர்கள் கண்ணிற் படாதவாறு காப்பது பெற்றோரின் கடமை மட்டுமன்று, அரசின் கடமையுமாகும். இதில் நமக்கு எள்ளளவும் ஐயமில்லை. ஆபாசக் காட்சிகளைக் கொண்டு பொருளீட்டும் இணையத்தளங்கள், பன்னிரண்டு வயதுப் பாலகனும் ஒரு பொத்தானை அழுத்தி, “நான் பதினெட்டு வயதைக் கடந்தவன்” என்று சொல்லிவிட்டு உள்ளே நுழையும்படி தம் வாயிலைத் திறந்து வைத்திருந்தன. அதனைச் சுதந்திரம் என்று போற்ற நாம் ஆயத்தமாக இல்லை.

ஆனால், நோக்கம் நல்லது என்பதனாலேயே சட்டம் நல்லதாகிவிடாது. அச்சட்டம் எவரைக் கட்டுகிறது, எவரைத் தப்பவிடுகிறது, எவரிடமிருந்து எதனைப் பறிக்கிறது என்று கேட்பது குடிமக்களின் உரிமை. பிரித்தானியாவிலும் ஐக்கிய அமெரிக்காவிலும் நடைமுறைக்கு வந்துள்ள வயதுச் சரிபார்ப்புச் சட்டங்களை அந்த உரைகல்லிலேயே நாம் உரைத்துப் பார்க்க விரும்புகின்றோம்.

பிரித்தானியா இம்முயற்சியில் ஒருமுறை தோற்றது. 2017 ஆம் ஆண்டின் டிஜிட்டல் பொருளாதாரச் சட்டம் வகுத்த ஏற்பாடு பலமுறை பிற்போடப்பட்டு, 2019 ஒக்டோபரில் கைவிடப்பட்டது. பின்னர் 2023 இல் நிகழ்நிலைக் காப்புச் சட்டம் நிறைவேறியது. (பெயரொற்றுமை கொண்டு இதனை இலங்கையின் 2024 ஆம் ஆண்டுச் சட்டத்தோடு மயங்கலாகாது, அது வேறு, இது வேறு.) 2025 யூலை 25 முதல், வருவோரின் வயதைத் திண்ணமாக அறிந்த பின்னரே ஆபாசத் தளங்கள் அவர்களை உள்ளே விடவேண்டும். அடையாள அட்டையின் படம், முகத்தை நோக்கி வயதை மதிப்பிடும் கருவி, கடனட்டை, தொலைபேசிக் கொம்பனியின் உறுதி முதலிய வழிகளுள் ஏற்றதைத் தளமே தெரிந்துகொள்ளலாம். ஒஃப்கொம் என்னும் ஆணையம் இதனை மேற்பார்வை செய்கிறது. மீறுவோருக்கு 1 கோடியே 80 இலட்சம் பவுண், அல்லது உலகளாவிய வருமானத்தில் பத்திலொரு பங்கு, இவற்றுள் எது பெரிதோ அதுவரை தண்டம் விதிக்கலாம். 2025 டிசம்பரில் ஏ.வி.எஸ். குரூப் என்ற நிறுவனத்துக்கு 10 இலட்சம் பவுண் தண்டம் விதிக்கப்பட்டது. ஆகவே இச்சட்டம் ஏட்டுச் சுரைக்காய் அன்று.

அமெரிக்காவில் டெக்சாஸ் மாநிலம் 2023 இல் இயற்றிய சட்டம், தம் உள்ளடக்கத்தில் மூன்றிலொரு பங்குக்கு மேல் சிறுவர்க்குத் தீங்கான பாலியற் பொருளைக் கொண்ட தளங்களைக் கட்டுகிறது. நாளொன்றுக்கு 10,000 டொலர் வரை தண்டம்; சிறுவர் உள்ளே புகுந்திருப்பின் மேலும் 250,000 டொலர் வரை. 2025 யூன் 27 இல் அந்நாட்டின் உயர் நீதிமன்றம் ஆறு நீதியரசர்களுக்கு மூவர் என்ற பெரும்பான்மையால் இச்சட்டம் செல்லுமெனத் தீர்த்தது. சிறுவரைத் தடுக்கும் அதிகாரம் மாநிலத்துக்கு உண்டெனில், வயதுக்குச் சான்று கேட்கும் அதிகாரமும் அதனுள் அடங்கும் என்பது நீதியரசர் தோமஸ் எழுதிய தீர்ப்பின் சாரம். வளர்ந்தோர் படிக்கவும் பார்க்கவும் உள்ள உரிமையின் மீது சுமையேற்றும் சட்டத்தை மிகக் கடுமையான சோதனைக்கு உட்படுத்தவேண்டும் என்பது மாறுபட்ட நீதியரசர் கேகனின் வாதம்.

சட்டம் கற்றோர் இங்கே 1968 ஆம் ஆண்டின் ஜின்ஸ்பேர்க் வழக்கை நினைவுகூர்வர். 16 வயதுச் சிறுவனுக்கு ஆபாசச் சஞ்சிகை விற்ற நியூயோர்க் கடைக்காரரின் தண்டனையை அதே உயர் நீதிமன்றம் உறுதிசெய்தது. அன்றைய சட்டமும் வயதையே கேட்டது. இன்றைய சட்டமும் வயதையே கேட்கிறது. எனினும் இரண்டும் ஒன்றல்ல. கடைக்காரர் முகத்தைப் பார்த்தார், ஐயமிருப்பின் அட்டையைப் பார்த்தார், திருப்பிக் கொடுத்தார். அவர் பார்த்தது அவர் கண்ணோடு போயிற்று. இன்றைய வாயிற்காவலனோ கண்ணாற் பார்ப்பதில்லை. படமாகப் பிடிக்கிறான். பிடித்த படத்தை அழித்தானா, வைத்திருக்கிறானா என்று வாயிலில் நிற்பவன் அறிவதெப்படி?

இது வீண் அச்சமன்று. 2025 ஒக்டோபரில் டிஸ்கோர்ட் என்னும் உரையாடற் சேவை, தன் பணியை ஏற்றிருந்த வெளி நிறுவனமொன்றின் வழியே ஏறத்தாழ 70,000 பேரின் அரசாங்க அடையாள அட்டைப் படங்கள் அந்நியர் கையிற் சிக்கியிருக்கலாம் என அறிவித்தது. அது ஆபாசத் தளமன்று. வயது பற்றிய முறையீடுகளுக்காக அவர்கள் நம்பிக் கொடுத்த படங்கள் அவை. ஆபாசத் தளத்துக்குக் கொடுத்த அட்டை அவ்வாறு வெளிப்பட்டால், அதனைக் கொண்டு மிரட்டிப் பணம் பறிப்போர் எத்தனை பேர்! வேலியே பயிரை மேயும் நிலையன்றோ அது?

சட்டத்துக்கு அஞ்சாதவரோ எளிதில் தப்புகின்றனர். பிரித்தானியச் சட்டம் நடைமுறைக்கு வந்த அன்றே, இருப்பிடத்தை மறைக்கும் வி.பி.என். சேவைக்குப் பதிவுசெய்வோர் தொகை 1,400 சதவீதத்துக்கு மேல் உயர்ந்ததெனப் புரோட்டன் நிறுவனம் கூறியது. போர்ண்ஹப் 2024 மார்ச்சில் டெக்சாஸ் மக்களுக்குத் தன் கதவை அடைத்தது. கடும் விதிகள் மக்களைக் கட்டுப்பாடற்ற தளங்களுக்கே விரட்டும் என்கின்றனர் அதனை நடத்துவோர். அது வணிகரின் தன்னலக் குரல்தான். ஆயினும், பெயர் தெரிந்த பெருந்தளத்தைப் பிடிப்பது எளிது, பெயர் மாற்றி முளைக்கும் சிறு தளத்தைப் பிடிப்பது அரிது என்பதை எவர் மறுக்க முடியும்?

அப்படியாயின் சட்டமே வேண்டாமா? வேண்டும். சிலர் சுவரேறிக் குதிப்பதனால் எவரும் வாசற்கதவைக் கழற்றிவிடுவதில்லை. சட்டத்தை நீக்குமாறு ஐந்து இலட்சத்துக்கு மேற்பட்டோர் பிரித்தானியப் பாராளுமன்றத்துக்கு விண்ணப்பித்தனர். நாம் அவர்கள் கட்சியிலும் இல்லை. நாம் கேட்பது வேறொன்று: வயதைக் கேட்கும் அதிகாரம், பெயரைக் கேட்கும் அதிகாரமாக வளரக்கூடாது.

இதற்கு வழியுண்டு. பிரான்சின் ஒழுங்குமுறை ஆணையமான ஆர்கொம் 2024 ஒக்டோபரில் வெளியிட்ட விதிகள், “இரட்டைப் பெயர்மறைப்பு” முறையொன்றையேனும் தளங்கள் வழங்கவேண்டும் என்கின்றன. வயதுக்குச் சான்றளிப்பவருக்கு அச்சான்று எந்தத் தளத்துக்குப் போகிறதென்று தெரியாது. தளத்துக்கோ வந்தவர் யாரென்று தெரியாது. இருவர் அறிவதும் ஒன்றுசேராத வரையில் குடிமகனின் மானம் காக்கப்படும். டெக்சாஸ் சட்டமும் அடையாளத் தகவலைச் சேமித்து வைப்பதைத் தடுத்து, மீறினால் தண்டமும் விதிக்கிறது. பிரித்தானியாவோ முறையைத் தளத்தின் விருப்புக்கு விட்டு, தகவற் பாதுகாப்புக்குப் பொதுச் சட்டத்தையே நம்பியிருக்கிறது. அது போதாது.

இத்தகைய சட்டத்தை இயற்றும் எந்தப் பாராளுமன்றமும் மூன்று விதிகளை அச்சட்டத்திலேயே எழுதவேண்டும். வயதைத் தவிர வேறெதுவும் தளத்தைச் சென்றடையலாகாது. சான்று பார்த்தவுடன் அட்டையும் முகமும் அழிக்கப்படவேண்டும். அழிக்கப்பட்டதைச் சுதந்திரமான கணக்காய்வாளர் சோதிக்கவேண்டும். வயதைச் சோதியாத தளத்துக்கு என்ன தண்டமோ, சோதித்த தகவலைப் பதுக்கியவனுக்கும் அதே தண்டம் விதிக்கப்படவேண்டும்.

பிள்ளையைக் காக்கும் பொருட்டு வாயிலில் காவலன் நிற்கட்டும். ஆனால், அவன் கையில் வருவோரின் பெயர்ப் பதிவேடு இருத்தலாகாது.