சாட்சி சொல்ல யார் உண்டு?



சாதிப் பெயர் சொல்லி ஒருவனை இழிவுபடுத்தினான் என்று வழக்கு. கூண்டிலே நிற்பவன் பணக்காரன். எதிரிலே நிற்பவன் ஏழை. வழக்கு எதிலே நிற்கும், எதிலே விழும்? ஏழையின் கண்ணீரிலே அல்ல, சாட்சியின் நாவிலே!

1989-ம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தைப் புரட்டிப் பாருங்கள். இழிவுபடுத்தினான் என்றால் மட்டும் போதாது. பொதுமக்கள் பார்வையில் படும் இடத்தில் இழிவுபடுத்தினான் என்று காட்ட வேண்டும். அதாவது, பிறர் கண்ணும் காதும் அங்கே இருந்தாக வேண்டும்.

திருச்சி மாவட்டத்து லால்குடி வழக்கு ஒன்று. வருவாய்த் துறை ஊழியரை அவர் அலுவலக அறையிலேயே சாதி சொல்லித் திட்டியதாகப் புகார். உடன் பணியாற்றுவோர் வந்தது அதற்குப் பிறகுதான் என்பது புகாரிலேயே இருந்தது. நாலு சுவருக்குள் நடந்தது பொதுப் பார்வை அல்ல என்று கூறி, 2025 ஜனவரி 31-ல் உச்ச நீதிமன்றம் அந்த வழக்கை ரத்துச் செய்தது.

தீர்ப்பைக் கண்டு கொதித்தெழுந்து பயனில்லை. ஐயத்திற்கு இடமின்றிக் குற்றம் மெய்ப்பிக்கப்பட வேண்டும் என்ற நெறி பணக்காரனுக்காகப் பிறந்ததல்ல. வேலை நிறுத்தத்தில் நின்ற தொழிலாளியின் மீது பொய் வழக்குப் போடுகிறார்களே, அன்று அவனைக் காக்கும் கேடயமும் அதுதான். அந்தக் கேடயத்தை நாமே உடைக்கலாமா? கூடாது!

ஆனால் நாம் கேட்கிறோம்: எந்த ஐயம்? சாட்சியத்தின் உள்ளேயிருந்து பிறக்கும் ஐயம் ஒன்று. சாட்சியின் வாயை அடைத்ததால் பிறக்கும் ஐயம் இன்னொன்று. முன்னது நீதி. பின்னது சூது!

ஆர்.கே. பேட்டையிலும் பள்ளிப்பட்டிலும் தறி ஓட்டும் தோழனை நினைத்துப் பாருங்கள். பாவு கொடுப்பவர் முதலாளி. கூலி கொடுப்பவர் அவர். முன்பணம் தந்தவரும் அவர். அவரே குற்றவாளிக் கூண்டில் நின்றால், அந்தத் தோழன் நாக்கு எப்படிப் புரளும்? "நான் பார்க்கவில்லை" என்று அவன் சொல்வது பொய்யல்ல. பசி பேசுகிற பேச்சு!

கீழ்வெண்மணியை மறந்தோமா? 1968 டிசம்பர் 25. அண்ணா முதலமைச்சராக இருந்த நாள். கூலி உயர்வு கேட்டவர்களின் சேரியில் ஒரே குடிசைக்குள் 44 உயிர்கள் தீயில் மாண்டன. கீழ்க் கோர்ட்டு நிலச்சுவான்தார்கள் சிலரைத் தண்டித்தது. 1973-ல் உயர் நீதிமன்றமோ அவர்களையும் விடுவித்தது. ஏராள நிலமுள்ள செல்வர்கள், வேலையாட்களின் துணையின்றி, தாமே நடந்து சென்று தீ வைத்திருப்பார்களா என்று ஐயுற்றது அந்தத் தீர்ப்பு. செல்வமே ஐயத்துக்குக் காரணமாயிற்று. தீயிலிருந்து தப்பியவன் வாக்கு எடுபடவில்லை!

இதற்கு மறுபக்கமும் உண்டு. நம் ஊரைப் போலவே மலைக்கோயில் ஊரான திருச்செங்கோடு. 2015 ஜூன் 23-ல் கோயிலுக்குச் சென்ற பொறியியல் பட்டதாரி கோகுல்ராஜ், மறுநாள் ரயில் பாதையில் பிணமாகக் கிடந்தார். தாழ்த்தப்பட்ட இளைஞர் வேறு சாதிப் பெண்ணுடன் பழகியதே அவர் செய்த 'குற்றம்'. முக்கிய சாட்சி பிறழ்ந்தார். வழக்கு செத்ததா? இல்லை! கோயிலின் கண்காணிப்புக் கேமரா பேசியது. சூழ்நிலைச் சான்றுகள் பேசின. 2022 மார்ச்சில் மதுரைத் தனி நீதிமன்றம் பத்துப் பேரைத் தண்டித்தது. மேல்முறையீட்டை விசாரித்த நீதிபதிகள் தாமே அக்கோயிலுக்குச் சென்று, கேமராக்கள் இருந்த இடங்களைப் பார்த்தார்கள். 2023 ஜூனில் முதல் குற்றவாளியின் ஆயுள் தண்டனை உறுதியாயிற்று. ஒரு வாய் மூடினாலும், தேடினால் நூறு வாய் உண்டு என்பதே இதன் பாடம்.

சட்டமும் வெறுங்கையோடு நிற்கவில்லை. 2016 ஜனவரி 26 முதல் நடப்பில் உள்ள 15-ஏ பிரிவு, பாதிக்கப்பட்டோருக்கும் சாட்சிகளுக்கும் பாதுகாப்புக் கேட்கும் உரிமை தருகிறது. சாட்சிக்கு வழிச்செலவும், விவசாயத் தொழிலாளியின் குறைந்தபட்சக் கூலிக்குக் குறையாத படியும் தரவேண்டும் என்கிறது விதி. துணைக் கண்காணிப்பாளர் தகுதிக்குக் குறையாத அதிகாரியே புலனாய்வு செய்ய வேண்டும் என்பதும் விதி. இவை யாரும் போடும் பிச்சையல்ல, உரிமை! கேட்டு வாங்குங்கள். ஒரு நாள் கூலி போகிறதே என்று சாட்சி வீட்டில் இருந்துவிட்டால், எதிரிக்கு வக்கீலே தேவையில்லை.

கழகத் தோழர்களுக்கு ஒரு சொல். புகாரைத் தள்ளிப் போடாதீர்கள். தாமதம் ஐயத்துக்குத் தாய். பார்த்ததை மட்டும் சொல்லுங்கள். பகை தீர்க்க, அங்கு இல்லாத ஒருவன் பெயரையும் சேர்த்தீர்களானால், அந்த ஒரு பொய், உண்மைகள் ஒன்பதையும் விழுங்கிவிடும். இட்டுக் கட்டிய சாட்சி குறுக்கு விசாரணையில் வெயிற் பனி போல் உருகிவிடும். கண்டதைச் சொன்ன சாட்சியோ மலைப் பாறை போல் நிற்கும். பாதிக்கப்பட்டவன் எந்தச் சாதியாயினும், கண்டவன் எந்தச் சாதியாயினும், கோர்ட்டுப் படி ஏறட்டும். அடுத்த தெருக்காரன் தன் சாதிக்காரனுக்கு எதிராகச் சொல்லும் ஒரு சொல்லுக்கு எத்தனை எடை என்று எண்ணிப் பாருங்கள்!

எல்லைக்காகப் போராடிய ஊர் இது. 1960 ஏப்ரல் 1-ல் தமிழகத்தோடு சேர்ந்த ஊர். எல்லைக் கல்லை நகர்த்தக் காட்டிய துணிவு நம் முன்னோருக்கு இருந்தது. இன்று கடக்க வேண்டிய எல்லை சிறிது. கூட்டத்திலே நின்று வேடிக்கை பார்க்கும் இடத்துக்கும், சாட்சிக் கூண்டுக்கும் இடையே உள்ள சில அடி தூரம். அதைக் கடக்க யார் உண்டு?