வலையை அறுத்தால்தான் ஆவுளியா பிழைக்கும்!

அரிக்கொம்பன் யானையை 2023-ல் மயக்க ஊசி போட்டுப் பிடித்து, களக்காடு - முண்டந்துறை புலிகள் காப்பகத்தில் விட்டது வனத்துறை. புதுக்கோட்டைக் கடலில் வாழும் ஆவுளியாவுக்கு அந்த வழி சரிப்படாது. இந்தக் கடல்பசுவுக்குக் கடற்புல்தான் உணவு. புல் இருக்கும் இடம்தான் வீடு. அதனால் வீட்டையே காக்க, 2022 செப்டம்பரில் தஞ்சாவூர், புதுக்கோட்டை கரையோரம் பாக் விரிகுடாவில் 448 சதுர கிலோமீட்டரைக் கடல்பசு பாதுகாப்பகமாக அறிவித்தது தமிழக அரசு. நாட்டிலேயே இதுதான் முதல்.

ஆனால், வலையில் சிக்கினால்? ஆவுளியா மீன் அல்ல, பாலூட்டி. சில நிமிடங்களுக்கு ஒருமுறை மேலே வந்து மூச்சு விடாவிட்டால் செத்துப்போகும். வனத்துறைப் படகு வரும்வரை தாங்காது. மீனவர்தான் வலையை அறுத்து விடவேண்டும். அப்படி விட்டவர்களுக்கு ரொக்கப் பரிசு கிடைத்திருக்கிறது. அந்தப் பரிசு, அறுந்த வலையின் விலைக்காவது ஈடாக இருக்கவேண்டாமா?