ஓரத்தில் நிற்பவனுக்கு ஒரு பாதை

கபடி ஆட்டம் நடக்கிற திடலில் கூட்டத்தின் கண் ரெய்டர் மேல்தான் இருக்கும். பாடிப் போய், தொட்டுவிட்டு, நடுக்கோட்டை நோக்கிப் பாய்ந்து வருகிறவனுக்குத்தான் விசிலும் கைத்தட்டலும். எனக்குச் சிறு வயதிலிருந்தே வேறு இடத்தைப் பார்த்துப் பழக்கம். ஏழு பேர் விரிந்து நிற்கும்போது இரண்டு ஓரத்திலும் குனிந்து நிற்பார்களே, இடது கார்னர், வலது கார்னர் என்று, அவர்கள் கால் வைக்கிற இடத்தைத்தான் பார்ப்பேன். ஒரு குழுவின் பலம் அங்கேதான் இருக்கிறது என்பது என் நம்பிக்கை.

ஆண்கள் ஆடும் மேட் 13 மீட்டர் நீளம், 10 மீட்டர் அகலம். ரெய்டருக்குக் கிடைப்பது 30 விநாடி. எதிரில் ஆறு பேரோ ஏழு பேரோ இருந்தால் போனஸ் கோட்டைத் தாண்டிக் கால் வைத்து ஒரு புள்ளி எடுக்கலாம். அப்படி வைக்கும்போது அடுத்த கால் தரையில் படக்கூடாது. அந்தக் கணத்தில் அவன் உடல் பாரம் முழுவதும் ஒற்றைக் காலில் நிற்கும். கார்னர் காத்திருப்பது அதற்காகத்தான். கணுக்காலில் கை விழுந்து பிடி இறுகினால், அவனுக்கு உள்பக்கம் கவரில் நிற்பவர்கள் வந்து அமுக்கிவிடுவார்கள். கார்னர் அரை நொடி முந்திப் பாய்ந்தால் ரெய்டர் காலை இழுத்துக்கொண்டு இவனையும் வெளியே அனுப்பிவிடுவான். பிந்தினால் அவன் நடுக்கோட்டைத் தொட்டிருப்பான். மேட்டில் மூன்று பேரோ அதற்குக் குறைவாகவோ மிஞ்சியிருக்கும்போது பிடித்துவிட்டால் சூப்பர் டேக்கிள், இரண்டு புள்ளி. தோற்றுக்கொண்டிருக்கும் குழு எழுந்து நிற்பது பெரும்பாலும் அப்படித்தான்.

வேகம் இருபது வயதிலேயே வந்துவிடும். எப்போது பாயாமல் இருக்க வேண்டும் என்கிற அறிவு வர ஆண்டுகள் ஆகும். அதனால் கார்னர் ஆட்டக்காரன் மெதுவாகத்தான் பழுப்பான். இந்த வாரம் நான் சொல்ல வந்தது இதைத்தான்: நம் கெடா மாநிலத்தில் அவன் பழுக்கும் முன்பே ஆட்டத்தை விட்டுப் போய்விடுகிறான்.

சில மாதங்களுக்கு முன் பாடாங் செராய் பக்கம் கோயில் திருவிழாவை ஒட்டி ஒரு போட்டி நடந்தது. வலது கார்னரில் ஒரு தம்பி நின்றான். அவன் ஆட்டத்தில் அவசரமே இல்லை. ரெய்டர் இரண்டு முறை ஆசை காட்டியும் அசையாமல் இருந்துவிட்டு, மூன்றாவது முறை ஒரே பாய்ச்சலில் கணுக்காலைப் பிடித்தான். ஆட்டம் முடிந்ததும் பக்கத்தில் போய், "தம்பி, எந்த காலேஜ்ல ஆடுறே?" என்றேன். "காலேஜ்லாம் முடிச்சிட்டேண்ணே. இப்ப கூலிம்ல ஃபேக்டரி வேலை. ஷிப்டு ஒத்து வந்தா ஆடுவேன், இல்லாட்டி இல்ல" என்றான். அடுத்த வருடம் வருவானா என்று கேட்டதற்குச் சிரித்தானே தவிர பதில் சொல்லவில்லை.

கெடாவின் தோட்டங்களுக்குக் கபடி புதிதாக வந்த விளையாட்டு இல்லை. ஹார்வர்ட், பட்டாணி பாரா, டப்ளின், விக்டோரியா என்று நம் பெரியவர்கள் பேர் சொல்லி நினைக்கிற தோட்டங்கள் நிறைய. தமிழ்நாட்டிலிருந்து பால்மரம் வெட்ட வந்தவர்களோடு சடுகுடுவும் கூடவே வந்தது. பந்து வேண்டாம், மட்டை வேண்டாம், காலணிகூட வேண்டாம். காலையில் பெரட்டுக்கு நின்று, வெயில் ஏறும்வரை பால் வெட்டிவிட்டு வந்தவர்களுக்கு, மாலையில் லயத்துக்குப் பின்னால் இருக்கிற வெற்றிடம் போதுமாயிருந்தது. பிறகு தோட்டங்கள் துண்டாடப்பட்டன, ரப்பர் போய்ச் செம்பனை வந்தது, பல இடங்களில் செம்பனையும் போய் வீடமைப்பு வந்தது. மக்கள் சுங்கை பட்டாணி, கூலிம், பீடோங், லூனாஸ் தாமான்களுக்கு நகர்ந்தார்கள். திடல் இருந்த இடத்தில் கார் நிறுத்துகிறோம். அப்படியும் ஆட்டம் சாகவில்லை. பொங்கல், திருவிழா என்றால் கோடு கிழித்து ஆடுகிறோம். மலேசியக் கபடி அணியின் பெயர்ப் பட்டியலைப் படித்தாலே அது பெரும்பாலும் நம் பிள்ளைகளின் அணி என்று தெரியும். 2018 ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் ஈரானும் பாகிஸ்தானும் இருந்த பிரிவில் நம் ஆண்கள் அணி மோதியது.

ஒரு கார்னர் ஆட்டக்காரன் எவ்வளவு தூரம் போகலாம் என்று பார்க்க, தர்மராஜ் சேரலாதனைப் பார்த்தால் போதும். தஞ்சாவூர் மாவட்டத்துக் கிராமத்துக்காரர், 1975ல் பிறந்தவர். இந்தியாவின் புரோ கபடி லீக் 2014 ஜூலையில் தொடங்கியபோது அவருக்கு வயது 39. வேறு விளையாட்டாக இருந்தால் ஓய்வு பெற்றுப் பயிற்சியாளராகியிருப்பார். அவரோ 2016ல் பாட்னா பைரேட்ஸ் அணிக்குத் தலைவராக நின்று, இறுதி ஆட்டத்தில் ஜெய்ப்பூர் பிங்க் பாந்தர்ஸை 37-29 என்று வென்று கிண்ணத்தைத் தூக்கினார். அதே ஆண்டு அக்டோபரில் அகமதாபாத்தில் ஈரானை 38-29 என்று வீழ்த்தி உலகக் கிண்ணத்தை வென்ற இந்திய அணியிலும் இருந்தார், 41 வயதில். 2019ல் ஹரியானா ஸ்டீலர்ஸ் அணிக்குத் தலைமை ஏற்றபோது வயது 44. வடநாட்டு இளைஞர்களும் அவரை 'அண்ணா' என்றே கூப்பிட்டார்கள்.

பாட்னாவில் அவரோடு சேர்ந்து ஆடியவர் ஈரானின் ஃபாசெல் அத்ராச்சலி. இடது கார்னர், முன்பு மல்யுத்தம் செய்தவர். லீக்கின் 2018 ஏலத்தில் யு மும்பா அணி அவரை ஒரு கோடி ரூபாய்க்கு எடுத்தது. அந்த ஆண்டு ஜகார்த்தாவில் ஈரான் அரையிறுதியில் இந்தியாவைத் தோற்கடித்துத் தங்கமும் வென்றது. 1990 பெய்ஜிங்கில் கபடி பதக்க விளையாட்டானதிலிருந்து ஆண்கள் தங்கத்தை இந்தியா விட்டுக்கொடுத்தது அதுதான் முதல் முறை. பிறகு வந்த இன்னொரு ஈரானிய இடது கார்னர் முகமதுரேசா ஷாட்லூயியை 2023 ஏலத்தில் புனேரி பல்டன் 2 கோடியே 35 லட்சம் ரூபாய்க்கு வாங்கியது. அந்தப் பருவத்தில் லீக் கிண்ணத்தைப் புனே வென்றது. அடுத்த பருவம் அவர் ஹரியானாவுக்குப் போனார், ஹரியானா வென்றது. ஓரத்தில் நிற்பவனின் விலை என்ன என்பதைச் சந்தை புரிந்துகொண்டுவிட்டது.

இந்த லீக் வருவதற்கு முன் சேரலாதனின் தலைமுறையை ஆட்டத்தில் பிடித்து வைத்திருந்தது எது? வேலை. இந்தியாவில் ரயில்வே, ராணுவம், காவல்துறை, பொதுத்துறை நிறுவனங்கள் எல்லாம் விளையாட்டு வீரர்களுக்கென்று வேலை ஒதுக்கின. தமிழ்நாட்டு அரசு வேலையில் விளையாட்டு வீரர்களுக்கு 3 விழுக்காடு ஒதுக்கீடு உண்டு. கிராமத்தில் தொடங்குகிறவன் கல்லூரியில் விளையாட்டு இடத்தில் சேர்ந்து, பல்கலைக்கழக அணியில் ஆடி, ஏதாவது ஒரு துறையின் அணிக்குப் போவான். சம்பளம் வரும், பயிற்சிக்கு நேரமும் கிடைக்கும். திறமை பழுக்க அந்தப் பத்துப் பதினைந்து ஆண்டு அப்படித்தான் கிடைத்தது. மணத்தி கணேசன் 1994 ஹிரோஷிமா ஆசிய விளையாட்டில் தங்கம் வென்ற அணியில் ஆடி, அர்ஜுனா விருதும் பெற்றவர். அவர் வாழ்க்கையின் தூண்டுதலில் வந்த மாரி செல்வராஜின் 'பைசன்' படத்தைப் பார்த்தவர்களுக்கு, அந்தப் படிகளில் ஏறுவது எவ்வளவு கடினம் என்று தெரியும். ஆனாலும் ஏறுவதற்குப் படி இருந்தது.

அமெரிக்கக் கால்பந்திலும் ஓரத்தைக் காக்கிற ஆட்டக்காரர் உண்டு. கார்னர்பேக் என்பார்கள். பந்தை வாங்க ஓடுகிறவனின் முகத்தைப் பார்த்தபடியே பின்னோக்கி ஓடி, பந்து வரும் நொடியில் குறுக்கே விழ வேண்டும். அங்கே பள்ளியிலிருந்து கல்லூரி, கல்லூரியிலிருந்து 32 அணிகள் ஆடும் என்.எஃப்.எல். லீக் என்று பாதை தெளிவாக இருக்கிறது. ஒவ்வொரு ஆண்டும் அணிகள் ஏழு சுற்றில் கல்லூரி ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுக்கும்.

மால்கம் பட்லர் என்றொரு கார்னர்பேக். மிசிசிப்பி மாநிலத்து விக்ஸ்பர்க் ஊர்க்காரர். சமூகக் கல்லூரி ஒன்றில் சேர்ந்து, அணியிலிருந்து நீக்கப்பட்டு, பொரித்த கோழி விற்கும் பாப்பாய்ஸ் கடையில் வேலை செய்தார். அத்தோடு கதை முடிந்திருக்க வேண்டும். ஆனால் அதே கல்லூரி மறுபடியும் சேர்த்துக்கொண்டது. அங்கிருந்து வெஸ்ட் அலபாமா என்ற சிறிய பல்கலைக்கழகத்துக்குப் போனார். 2014ல் ஏழு சுற்றிலும் ஒரு அணிகூட அவர் பெயரைச் சொல்லவில்லை. நியூ இங்கிலாந்து பேட்ரியாட்ஸ் அணி சோதனைப் பயிற்சிக்குக் கூப்பிட்டுப் பார்த்து, பிறகு ஒப்பந்தம் தந்தது. 2015 பிப்ரவரி 1ஆம் தேதி, சூப்பர் போல் இறுதி ஆட்டம். முடிய அரை நிமிடம்கூட இல்லை. சியாட்டல் அணி கோட்டுக்கு ஒரு கெஜ தூரத்தில் நிற்கிறது, புள்ளி எடுத்தால் முன்னிலை அவர்களுக்கு. வீசிய பந்துக்குக் குறுக்கே பாய்ந்து பிடித்தார் பட்லர். 28-24 என்று பேட்ரியாட்ஸ் வென்றது.

பட்லரின் தைரியத்தை மெச்சுகிறவர்கள் பலர். நான் மெச்சுவது அவரைத் தாங்கிய படிகளை. தவறி விழுந்தவனை மறுபடி சேர்க்க ஒரு சமூகக் கல்லூரி இருந்தது, பெரிய பல்கலைக்கழகம் கிடைக்காதவனுக்குச் சிறிய பல்கலைக்கழகம் இருந்தது, தேர்வில் விடுபட்டவனுக்குச் சோதனைப் பயிற்சி இருந்தது. கீழ்ப்படிகள் வலுவாக இருந்ததால்தான் அவர் மேலே போனார்.

இனி நம் பக்கம் வருவோம். தமிழ்ப்பள்ளியில் பிள்ளைகள் கபடியைத் தொட்டுப் பார்க்கிறார்கள். இடைநிலைப்பள்ளியில், ஆர்வமுள்ள ஆசிரியர் இருந்தால் தொடர்கிறார்கள், இல்லாவிட்டால் விட்டுவிடுகிறார்கள். எஸ்.பி.எம். முடிந்ததும் பெரும்பாலோருக்கு ஆட்டமும் முடிந்துபோகிறது. மிஞ்சுகிறவர்களுக்கு ஒருநாள் போட்டிகள்தான். காலையில் தொடங்கி இரவில் கிண்ணம் கொடுத்து முடித்துவிடுவோம். ஒரே நாளில் நான்கைந்து ஆட்டம் ஆடுகிற பையனுக்குக் களைப்புதான் கிடைக்கும், பாடம் கிடைக்காது. இறுகிய தரையில் முட்டி பிசகினால் மருத்துவச் செலவும், வேலைக்குப் போகாத நாள்களின் சம்பளமும் அவன் தலையில்தான் விழும். "போதும்யா இந்த ஆட்டம்" என்று அம்மா சொன்னால் அவளைக் குறை சொல்ல முடியாது.

கெடாவுக்கு ஒரு விளையாட்டை வளர்க்கத் தெரியாது என்று யாரும் சொல்லிவிட முடியாது. கால்பந்தில் 1987, 1988, 1989 என்று மூன்று ஆண்டு தொடர்ந்து மலேசியக் கிண்ண இறுதியில் கோலாலம்பூரிடம் தோற்ற மாநிலம் இது. 1990ல் வென்றது. 2007, 2008 இரண்டு ஆண்டும் லீக், எஃப்.ஏ. கிண்ணம், மலேசியக் கிண்ணம் மூன்றையும் அலோர் ஸ்டாருக்குக் கொண்டுவந்தது. ஆட்டமும் பயிற்சியும் தொடர்ந்து இருந்ததால் தோற்றவர்கள் அடுத்த ஆண்டும் வந்து நிற்க முடிந்தது. கபடிக்கும் அதில் ஒரு சிறு பங்காவது வேண்டாமா?

கல்லூரிகளுக்கும் இங்கே குறைவில்லை. ஜித்ராவிலும் கூலிமிலும் போலிடெக்னிக், மெர்போக்கில் யு.ஐ.டி.எம்., சிந்தோக்கில் உத்தாரா பல்கலைக்கழகம், செமிலிங்கில் எய்ம்ஸ்ட். இவற்றோடு சமூகக் கல்லூரிகளும் உண்டு. இவை ஒவ்வொன்றிலும் ஒரு கபடிக் குழு அமைந்து, வார இறுதிகளில் மாறி மாறி மோதினால், பதினெட்டு வயதில் விட்டுப் போகிறவன் இருபத்து மூன்று வரை ஆடுவான். அதற்குள் அவன் யார் என்று தெரிந்துவிடும்.

அடுத்த படி வேலை. கூலிம் ஹைடெக் பூங்கா 1996லிருந்து நம் பிள்ளைகளுக்கு வேலை தருகிறது. அந்தத் தொழிற்சாலைகளில் ஒன்றிரண்டு, தங்கள் பெயரில் ஒரு கபடிக் குழு வைத்து, ஆடுகிறவனுக்கு ஷிப்டை மட்டும் மாற்றிக் கொடுத்தால் போதும். இந்திய ரயில்வே செய்ததன் சிறிய வடிவம் அது. பெரிய பணம் தேவைப்படாத உதவி.

ஆலய நிர்வாகங்களுக்கும், தமிழ் இளைஞர் மணிமன்றங்களுக்கும், போட்டி நடத்துகிற நண்பர்களுக்கும் என் வேண்டுகோள் இது. நீங்கள் செலவழிக்கிற பணமும் உழைப்பும் எனக்குத் தெரியும். தனித்தனியே ஆளுக்கொரு நாள் நடத்துவதை, வட்டாரத்துக்கு ஒன்றாகச் சேர்ந்து மூன்று மாத லீக்காக மாற்றுங்கள். உயரமான கிண்ணம் வாங்கும் பணத்தைச் சேர்த்து ஒரு மேட் வாங்குங்கள், சுங்கை பட்டாணியிலோ கூலிமிலோ வைத்து எல்லோரும் பயன்படுத்தட்டும். ஆடுகிற ஒவ்வொருவனுக்கும் காப்புறுதி எடுங்கள். சிறந்த ரெய்டருக்குத் தருகிற அதே பரிசைச் சிறந்த பிடிக்காரனுக்கும் கொடுங்கள். கபடி ஆடிய முன்னாள் ஆட்டக்காரர்கள், வாரத்தில் ஒரு மாலையைப் பக்கத்துத் தமிழ்ப்பள்ளிக்குக் கொடுங்கள். கணுக்காலைப் பிடிப்பது எப்படி என்பதைவிட, எப்போது பிடிக்கக்கூடாது என்பதைச் சொல்லிக்கொடுக்க உங்களை விட்டால் ஆளில்லை.

அடுத்த பொங்கலுக்கு இன்னும் காலம் இருக்கிறது. போட்டி தேதிகளைத் தனித்தனியே அறிவிக்கும் முன், கெடாவில் உள்ள ஏற்பாட்டுக் குழுக்கள் ஒருமுறை ஒன்றாக உட்கார்ந்து பேசுங்கள். இடத்தையும் நாளையும் நீங்களே குறியுங்கள். எழுதுவதற்கும் அலைவதற்கும் நான் வருகிறேன்.