மூப்பும் தலைமையும்

பாடசாலை அதிபர் ஒருவர் ஓய்வு பெறும் நாள் நெருங்கினால், அடுத்த அதிபர் யார் என்ற வினா ஆசிரியர் அறையில் எழுவது இயல்பு. இருபத்தைந்து ஆண்டுகள் கற்பித்தவர் தம் மூப்பை எண்ணுகிறார். பட்டமும் பரீட்சைச் சித்தியும் பெற்ற இளையவர் தம் தகுதியை எண்ணுகிறார். இருவர் பக்கத்திலும் நியாயம் உண்டு. அவற்றை அளக்கும் கோல் எது என்பது முன்கூட்டியே தெரியாதவிடத்து வழக்குப் பிறக்கிறது.

மலையகத்தில் இத்தகைய வழக்குகள் ஒரு காலத்தில் பிறக்கவே வழியில்லை. தோட்டத்துப் பிள்ளைகளுக்குத் தாய்மொழிக் கல்வி அளிக்கும் கடமையை 1907ஆம் ஆண்டின் சட்டம் துரைமார்மீது சுமத்தியது. எனினும் நெடுங்காலம் பல தோட்டங்களில் ஓர் அறையும் ஓர் உபாத்தியாயருமே பாடசாலை. உபாத்தியாயரை வைப்பதும் விலக்குவதும் துரையின் கையில் இருந்தன. ஒருவரே இருக்குமிடத்தில் மூப்பு ஏது? 1970களில் அரசு தோட்டப் பாடசாலைகளைப் பொறுப்பேற்கத் தொடங்கிய பின்னரே, தோட்டத்து வாத்தியார் அரச சேவையில் ஒருவரானார். ஆதலின், அப்புத்தளை மலைக்குக் கீழே ஹல்துமுல்லைப் பகுதியில் ஓர் ஆசிரியர் இன்று தம் மூப்பைக் குறித்து முறையிடுவாராயின், அதனைச் சண்டை என்று மட்டும் கருதலாகாது. உரிமை உள்ளவரே முறையிட முடியும்.

அரச ஊழியர் அரசின்மீதே வழக்காடலாமா என்பதும் இந்நாட்டில் எளிதில் தீர்ந்த வினாவன்று. சிங்கள மொழிப் பரீட்சையில் சித்தியடையாமையால் 1962இல் சம்பள ஏற்றம் மறுக்கப்பட்ட எழுதுவினைஞர் கோடீஸ்வரன் நீதிமன்றம் சென்றார். 1964இல் கொழும்பு மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. அரச ஊழியர் சம்பளத்துக்காக முடிமீது வழக்குத் தொடர இயலாது என்று 1967இல் உயர் நீதிமன்றம் அதனை மாற்றியது. 1969இல் இலண்டன் கோமறைக் கழகம், அவ்வாறு வழக்குத் தொடரும் உரிமை உண்டு என்றது. மொழிப் பிரச்சினை முடிவின்றியே நின்றுவிட்டது. ஆயினும் ஒரு கதவு திறந்தது.

இனி, மூப்பு என்பதன் பொருளை நோக்குவோம். அது எங்கும் ஒரே எடை உடையதன்று. தமிழ்நாட்டின் தனியார் பாடசாலைகளுக்கென 1974இல் வகுக்கப்பட்ட விதி, தகுதியையும் திறமையையும் முதலில் வைத்து, அவை ஏறக்குறையச் சமமாயின் மட்டுமே மூப்பை நோக்கச் சொன்னது. கேரளத்தின் கல்வி விதிகளோ, தலைமையாசிரியர் நியமனம் சாதாரணமாக மூப்பு வரிசைப்படி நிகழ வேண்டும் என்றன. இலங்கையில் ஆசிரியர் சேவை வேறு, அதிபர் சேவை வேறு. ஒன்றில் பெற்ற மூப்பு மற்றொன்றின் வாயிலைத் தானாகத் திறப்பதில்லை. பல மனத்தாங்கல்களுக்கு இவ்வேறுபாட்டை அறியாமையே காரணம்.

மற்றொரு காரணம், ‘கடமை நிறைவேற்று அதிபர்’ என்னும் ஏற்பாடு. சில மாதங்களுக்கென ஒப்படைக்கப்படும் பொறுப்பு ஆண்டுக்கணக்கில் நீள்கிறது. கூரை ஒழுகினால் அவர் ஓடுகிறார். பிள்ளை பள்ளிக்கு வராவிடில் லயத்துக்குச் சென்று அழைக்கிறார். பின்னர் சேவைத் தகுதி உடைய ஒருவர் கடிதத்துடன் வந்து நிற்கிறார். முன்னவரின் உழைப்பு உண்மை. பின்னவரின் உரிமையும் உண்மை. இருவரையும் எதிரெதிரே நிறுத்தியது காலத்தில் நிரப்பப்படாத வெற்றிடமே.

அநீதி நேர்ந்ததாகக் கருதும் ஆசிரியர் காலத்தை நழுவவிடலாகாது. சமத்துவ உரிமை மீறப்பட்டதென உயர் நீதிமன்றத்தை நாட அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரை தரும் அவகாசம் ஒரு மாதமே. அம்மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிட்டால், அங்கு விசாரணை நிலுவையில் உள்ள காலம் கணக்கில் சேராது. நேர்முகத் தேர்வில் புள்ளிகள் எவ்வாறு வழங்கப்பட்டன என்பதை 2016ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்கலாம். நியமனக் கடிதங்களையும் பொறுப்பேற்ற திகதிகளையும் ஒழுங்காகப் பேணி வைத்தல் நன்று. வாய்மொழி வாக்குறுதியை நம்பியிருப்பவருக்கு நீதிமன்றத்தில் கைகொடுக்க எதுவும் இராது.

அதிகாரிகளுக்கும் ஒரு வேண்டுகோள். வெற்றிடத்தை முன்னரே அறிவியுங்கள். புள்ளித் திட்டத்தை எல்லாரும் காணச் செய்யுங்கள். தோற்றவருக்குக் காரணம் கூறுங்கள். காரணம் அறிந்தவர் வருந்தக்கூடும்; ஆயினும் மறுநாள் வகுப்புக்குச் செல்வார். காரணம் அறியாதவரோ வழக்கறிஞரைத் தேடுவார். ஆசிரியர் அறை இரு கட்சிகளாகப் பிரிந்த பாடசாலையில் நேரசூசிகூட ஒழுங்காக நடைபெறாது.

வழக்கு எத்தனை ஆண்டு நீண்டாலும், வென்றவருக்குப் பதவியும் நிலுவைச் சம்பளமும் கிட்டக்கூடும். அவ்வாண்டுகளில் சாதாரண தரத்தை எட்டிய தோட்டத்துப் பிள்ளைக்கோ அந்த ஆண்டைத் திருப்பிக் கொடுக்க எந்த நீதிமன்றத்தாலும் இயலாது.